ஊமைப்படத்தில் அசைந்த உதடுகள்

குவைத்தின் ஃபஹாஹீலில் எங்கள் அடுக்ககத்துப் பெண்கள் வெள்ளிக்கிழமைப் பிற்பகல்களில் என் வீட்டுக் கூடத்தில் கூடுவார்கள். நான் பழைய ஜப்பானிய ஊமைப்படங்களைக் காட்டுவேன். அந்நாட்டில் அக்காலத்தில் திரையருகே ஒருவர் நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பது வழக்கம். எங்கள் கூடத்தில் அப்பணி என்னுடையது.

நான் விரும்பிய நடிகையை ஜப்பானிலேயே பலர் அறியார். பெண் வேடத்தை ஆண்களே கட்டிவந்த நிலை மாறியபோது திரைக்கு வந்தவள். சில ஆண்டுகள் வாளால் வெட்டுண்டாள், கிணற்றில் தள்ளப்பட்டாள், குடிகாரக் கணவர்களிடம் மிதிபட்டாள். பேசும்படம் வந்ததும் காணாமற்போனாள். எஞ்சியது ஒரு துண்டுப்படம். அதில் கணவன் அவள் கூந்தலைக் கையில் சுற்றி இழுத்து, முகத்தைத் தூணில் மோதுகிறான். இரத்தம் வழியும் உதடுகள் ஏதோ சொல்கின்றன. என்னவென்று படம் தெரிவிப்பதில்லை.

அன்று நான், “என்னை விட்டுவிடுங்கள்” என்றேன்.

“போன வாரம் ‘தண்ணி குடுங்க’ன்னீங்க. ஒரு டயலாக்ல நில்லுங்க மேடம்!” என்றாள் மேல்மாடிச் சென்னைப் பெண். எல்லோரும் சிரித்தார்கள்.

அடுத்த வீட்டுத் திருநெல்வேலிப் பெண் சிரிக்கவில்லை. அவள் கையில் கன்றிய தழும்புகள் இருக்கும். கேட்டால், குளியலறையில் வழுக்கியது என்பாள். எங்களுக்கிடையே ஒரு சுவர்தான். ஆயினும் அவள் அழுது நான் கேட்டதில்லை.

“அவ அப்படிச் சொல்லலக்கா,” என்றாள். “‘பக்கத்து வீட்டுக்குக் கேக்கும், கதவ அடைச்சிட்டு அடிங்க’ன்னுல்லா சொல்லுதா.”

நான் படத்தை நிறுத்தினேன்.

மற்றவர்கள் போனபின் அவளிடம், “இங்கேயே இருந்திரும்மா” என்றேன்.

“விசா அவரு பேர்லல்லாக்கா இருக்கு. டூட்டி முடிஞ்சு வந்திருவாரு.”

“அப்போ தாழ்ப்பாள் போடாதே. அடிச்சா சத்தம் போடு. நான் வர்றேன்.”

அவள் செருப்பை மாட்டிக்கொண்டு போனாள்.

மாலையில் சுவரில் ஏதோ மோதியது. என் அலமாரிக் கண்ணாடிகள் அதிர்ந்தன. மறுபடி மோதியது. குரல் எழவில்லை. மூன்றாம் முறை மோதியபின் கேட்டது: “யக்கா!”

ஓடிச்சென்று தள்ளினேன், கதவு திறந்துகொண்டது. அவள் கூந்தல் கணவன் கையில் சுற்றியிருந்தது. “ஃபேமிலி மேட்டர் மேடம், நீங்க போங்க” என்றான், திரும்பாமலே. அவன் சொல்லி முடிக்கும்முன் அவள் அவனது மணிக்கட்டைக் கடித்தாள். அலறிக்கொண்டு கையை விட்டான். அவள் உதடுகளில் இரத்தம், அது அவனுடையது.

நடைவழியில் எல்லாக் கதவுகளும் திறந்திருந்தன. சென்னைப் பெண் படியிறங்கி வந்து, “என்னாச்சும்மா?” என்றாள்.

“அடிச்சான்,” என்றாள் திருநெல்வேலிப் பெண், அத்தனை வீடுகளுக்கும் கேட்கும்படி.