ஏழாம் இலக்கக் கைகள்

என் குரல் எனக்குப் பிடிக்காது. தடிமன் பிடித்தவள் மூக்கால் பேசுவதுபோல இருக்கும். நான் வட்ஸ்அப்பில் அனுப்பிய குரல்பதிவை அலுவலகத்தில் யாராவது சத்தமாகப் போட்டால் எழுந்து வெளியே போய்விடுவேன். அந்தக் குரலைத்தான் ஒரு பெண் கேட்டு வாங்கிக்கொண்டு போனாள்.

அவள் ஒரு வீடியோக் கலைஞர். கொழும்பிலிருந்து வந்த சிங்களப் பிள்ளை, என்னைவிடப் பத்து வயது குறைவு. நான் கண்டியில் ஓர் அரசாங்க அலுவலகத்தில் மொழிபெயர்ப்பாளர். கிழமை நாளெல்லாம் சுற்றுநிருபங்களைச் சிங்களத்திலிருந்து தமிழுக்கு மாற்றுவேன். சனி ஞாயிறில் வெளிவேலை செய்வேன். யாரோ சொல்லி, என்னைத் தேடி, நான் இருக்கும் கெலிஓயாவுக்கே வந்துவிட்டாள். ஒரு ஹார்ட்வெயார் கடைக்கு மேலே என் வாடகை அறை. இருந்த ஒரே கதிரையை அவளுக்குக் கொடுத்துவிட்டு நான் கட்டிலில் உட்கார்ந்தேன். அந்த அறைக்கு வந்த முதல் விருந்தாளி அவள்தான் என்பதை நான் சொல்லவில்லை.

அவள் செய்வது சினிமா இல்லையாம். இருட்டான மண்டபத்தில் பெரிய பெரிய திரைகள் தொங்கும். எல்லாவற்றிலும் வீடியோ ஓடிக்கொண்டே இருக்கும். பார்க்க வருகிறவர்கள் நடுவில் நிற்கலாம், உட்காரலாம், விரும்பியபோது எழுந்து போகலாம். முடிந்தால் மறுபடி முதலிலிருந்து ஓடும்.

"அப்ப எங்க மிஸ் கதை முடியுது?" என்று சிங்களத்தில் கேட்டேன்.

"ஞாபகம் எங்க முடியுது?" என்றாள். படித்த பிள்ளைகள் இப்படித்தான், கேள்விக்குக் கேள்வியைத் திருப்பித் தருவார்கள். எனக்குச் சுள்ளென்றது. ஆனாலும் ஆளைப் பிடித்துப்போய்விட்டது.

கண்டியைச் சுற்றியுள்ள தேயிலைத் தோட்டங்களில் அறுபது வயது தாண்டிய பெண்கள் பதினான்கு பேரை எடுக்கப் போகிறாள். முகம் கிடையாது, பெயர் கிடையாது, தோட்டத்தின் பெயரும் கிடையாது. கைகள் மட்டும். அந்தக் கைகள் தமக்குப் பழகிய ஏதோ ஒரு வேலையைச் செய்துகொண்டிருக்கும். கமராவை நிறுத்தி வைத்துவிட்டு, கேள்வியைத் தமிழில் போனில் ஓடவிட்டு, இவள் வெளியே போய்விடுவாள். அவர்கள் தனியாக இருந்து பதில் சொல்லவேண்டும்.

"ஆள் எதிரில இருந்தா ஆளுக்கு ஏத்த மாதிரி சொல்லுவாங்க. தனியா விட்டாத்தான் உண்மையான ஞாபகம் வரும்," என்று விளக்கினாள்.

அப்படியா சங்கதி என்று நினைத்துக்கொண்டேன். நான் நாலு வருஷமாகத் தனியாகத்தான் இருக்கிறேன். ஞாபகம் வந்து கொட்டுகிறது. ஒருவரும் கமராவோடு வரவில்லை.

கேள்வியை என் குரலிலேயே பதிந்தாள். கீழே கடையில் இரும்பு வெட்டும் சத்தம் கேட்காமலிருக்க ஜன்னலை மூடி, என் தலையில் போர்வையைப் போட்டு மூடி, போனைக் கையில் தந்தாள். சொல்லவேண்டியது ஒரே ஒரு வரிதான்: "அம்மா, உங்களால மறக்க முடியாத ஒரு நாளப் பத்தி சொல்லுங்க."

மூன்று தடவை தடுமாறினேன். முதல் வார்த்தையிலேயே நின்றுவிட்டேன். "அம்மா" வேண்டாம், நேராகக் கேள்வியைக் கேட்போம் என்றேன். "மரியாதையா இருக்கணும், அது கட்டாயம்," என்றுவிட்டாள். நாலாவது தடவை சொல்லிவிட்டேன்.

காரணம் இதுதான். எனக்கு ஓர் அம்மா இருக்கிறாள். தெல்தெனியவுக்கு அங்கால் ஒரு தோட்டத்தில், லயத்து வரிசை வீடுகளில் கோடி வீட்டில், தனியாக இருக்கிறாள். அப்பா இல்லை, நான் ஒரே பிள்ளை. கெலிஓயாவிலிருந்து இரண்டு பஸ், பிறகு ஒரு ஆட்டோ, அவ்வளவுதான். வெளிநாடா என்ன? நாலு வருஷத்தில் மூன்று தடவை போனேன், மூன்றும் தீபாவளி. புடவையைக் கொடுத்துவிட்டு, வாசலில் நின்றபடியே தண்ணீர் குடித்துவிட்டு, வந்த ஆட்டோவிலேயே திரும்பினேன். போனில் ஞாயிறு தோறும் பேசுவேன். "நான்தான். மருந்து எடுத்தாச்சா? சரி." அவளை அம்மா என்று கூப்பிடுவதை நிறுத்தி நாலு வருஷம்.

நாலு வருஷத்துக்கு முன்னால் என் புருஷனை விட்டுவிட்டு வந்தேன். அந்தக் கதை வேண்டாம், அவன் மூஞ்சியை நினைத்தாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஒரு பெரிய பெட்டியை இழுத்துக்கொண்டு, நல்ல மழையில் நனைந்து, நேராக அம்மாவிடம் போனேன். வேறு எங்கே போவது? அவள் வாசலில் நின்றாள். நகரவில்லை. பக்கத்து வீடுகளில் எல்லாம் தலைகள் எட்டிப் பார்த்தன.

"வாழப்போனவ பெட்டியத் தூக்கிட்டு வந்தா நாளைக்கு நான் யாரு மொகத்துல முழிப்பேன்? திரும்பிப் போ. அஞ்சு மணி பஸ்ஸு இருக்கு," என்றாள்.

நான் அப்படியே நின்றேன். அவள் இறங்கி வந்து, பெட்டியைத் தன் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு, ஏற்றத்தில் ரோட்டு வரைக்கும் நடந்தாள். பஸ் வந்ததும் உள்ளே ஏற்றிவிட்டாள். நான் புருஷனிடமும் போகவில்லை, கெலிஓயாவில் அறை எடுத்தேன். அந்த நாளை வைத்துக்கொண்டுதான் இத்தனை காலமும் இருந்தேன். எனக்கென்று வேறு சொத்து இல்லை.

இரண்டு மாதம் கழித்துக் கலைஞர்ப் பெண் பதினான்கு வீடியோக்களையும் அனுப்பினாள். ஒன்று, இரண்டு என்று இலக்கம் மட்டும் போட்டிருந்தது. தமிழைக் கேட்டு, கீழே ஓடும் சிங்கள வரிகளை நான் எழுதவேண்டும். ஒவ்வொன்றின் தொடக்கத்திலும் என் மூக்குக் குரல் வரும். அதைக் கேட்கச் சகிக்காமல் ஒவ்வொரு தடவையும் அந்த இடத்தைத் தாண்டிவிட்டேன். ஒரு கை கீரை ஆய்ந்தது. ஒன்று கிழிந்த சாக்கைத் தைத்தது. ஒன்று ஒன்றுமே செய்யாமல் மடியில் கிடந்தது.

ஏழாவதைத் திறந்ததும் தூக்கிவாரிப் போட்டது. இரண்டு கைகள் தேங்காய் ரொட்டிக்கு மா பிசைந்துகொண்டிருந்தன. இடது கைச் சுண்டுவிரல் மட்டும் மடங்காமல் நட்டுக்கொண்டு நின்றது. அந்த விரலில் விறகுக்கட்டை விழுந்தபோது எனக்கு எட்டு வயது. அதற்குப் பிறகு அது மடங்கவே இல்லை. "எங்க தொரைசாணி தேத்தண்ணி குடிக்கிறாங்க," என்று அப்பா சாகும்வரைக்கும் கேலி பண்ணினார். தோட்டத்துத் துரையின் மனைவிதான் அப்படி விரலை நீட்டிக்கொண்டு கோப்பை பிடிப்பாளாம்.

என் அம்மா. அவள் சொன்னது இது:

"எம்மக ஒரு நாளு பெட்டியோட வந்துச்சு. நல்ல மழ. புருஷனோட சரியில்லன்னு வந்துருச்சு. நான் ஒண்ணுங் கேக்கல. உள்ள வாடின்னேன். தலையத் தொவட்டி விட்டேன். ரொட்டி சுட்டு, சம்பல் அரைச்சுக் குடுத்தேன். ராவைக்கு எம்பக்கத்துலதான் படுத்துச்சு. காலையில எந்திரிச்சுப் பாத்தா பிள்ள நல்லாத் தூங்குது. எழுப்பல. அவ்வளவுதான். அந்த நாளுதான்."

ஹெட்போனைக் கழற்றி எறிந்தேன். வாய்க்கு வந்தபடி ஏசினேன், கீழே கடைக்காரருக்கும் கேட்டிருக்கும். பச்சைப் பொய்! என் தலையைத் துவட்டினாளாம்! பஸ்ஸில் அந்த ஈரத் தலையோடு பல்லேகல தாண்டும்வரை நடுங்கிக்கொண்டு வந்தவள் நான்.

ஆத்திரம் அடங்கியபின் அதைவிட மோசமான ஒரு நினைப்பு வந்தது. ஒருவேளை அது பொய் இல்லையோ? எழுபதை நெருங்குகிறவள். புத்தி தடுமாறி, உண்மையாகவே அப்படித்தான் நடந்தது என்று நம்புகிறாளோ? அவள் மறந்துவிட்டாள் என்றால் அந்த நாள் உலகத்திலேயே எனக்கு மட்டும்தான் தெரியும். பிறகு நான் யாரோடு கோபித்துக்கொள்வது? பொய் சொன்னாளா, மறந்துபோனாளா என்று எனக்குத் தெரிந்தாகவேண்டும் போலிருந்தது. போன் பண்ணிக் கேட்க வாய் வரவில்லை.

அன்று பின்னேரம் ஒரு கெட்ட வேலை பார்த்தேன். அவள் "உள்ள வாடி" என்கிற இடத்தில், "அவளை உள்ளே விடவில்லை, மழையில் திருப்பி அனுப்பினேன்" என்று சிங்களத்தில் அடித்தேன். யாருக்குத் தெரியப்போகிறது? கலைஞருக்குத் தமிழ் வராது. உண்மையைத்தானே எழுதுகிறேன் என்று எனக்கு நானே நியாயம் சொன்னேன். தேத்தண்ணீர் ஊற்றிக் குடித்துவிட்டு வந்து பார்த்தேன். திரையில் அந்தக் கைகள் ரொட்டியைத் தட்டிக்கொண்டிருந்தன, கீழே என் எழுத்து அவளைத் திட்டிக்கொண்டிருந்தது. அழித்தேன். சொன்னதை எழுதுவதுதான் என் வேலை, அது பொய் என்றால் பொய். "உள்ளே வா, துவே" என்று மாற்றினேன். சிங்களத்தில் மகளை ஆசையாகக் கூப்பிடுவது அது.

கண்காட்சி கண்டிக் குளத்துக்குப் பின்னால் ஒரு பழைய பங்களாவில் நடந்தது. முதல் நாள் கூட்டம் என்று போகவில்லை. ஒரு சனிக்கிழமை மத்தியானம் தனியாகப் போனேன். உள்ளே கறுப்புத் துணி கட்டி இருட்டாக்கி இருந்தார்கள். ஏழாம் திரை ஒரு மூலையில் இருந்தது. அம்மாவின் கைகள் கதவளவு பெரிதாகத் தெரிந்தன. நகத்து ஓரத்து மாவும், சுண்டுவிரலும், எல்லாம். நான் அந்த விரலுக்கு முன்னால் தரையில் உட்கார்ந்துகொண்டேன்.

பக்கத்தில் இரண்டு சிங்களப் பெண்கள், ஆசிரியைகள் போலிருந்தார்கள். வரிகளை வாசித்து முடித்ததும் ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டு, "என்ன நல்ல அம்மா," என்றாள். "எந்தத் தாயும் அதத்தான் செய்வா," என்றாள் மற்றவள். எனக்குப் பொத்துக்கொண்டு வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். அவர்கள் போனதும் அழுதேன். இருட்டுத்தானே, யார் பார்க்கப் போகிறார்கள்? அந்த மாதிரி ஒரு அம்மா எனக்கு வேண்டுமாயிருந்தது.

வீடியோ திரும்பத் தொடங்கியது. மூன்றாவது தடவையோ நாலாவது தடவையோ பார்க்கும்போதுதான் கவனித்தேன். தொடக்கத்தில் கைகள் மாவில் அப்படியே நின்றுவிடுகின்றன. வெகுநேரம் அசையவில்லை. பிறகு ஒரு வெட்டு, பிறகுதான் பேச்சு. கேள்வியைக் கலைஞர் வெட்டி எடுத்துவிட்டிருந்தாள். இந்தக் கைகள் எதைக் கேட்டு நின்றன?

அறைக்கு வந்த கையோடு ஏழாம் வீடியோவைத் தொடக்கத்திலிருந்து போட்டேன். இந்த முறை தாண்டவில்லை. மா பிசையும் சத்தம். பிறகு என் மூக்குக் குரல், "அம்மா, உங்களால மறக்க முடியாத ஒரு நாளப் பத்தி சொல்லுங்க." கைகள் நின்றன. சுண்டுவிரல் மட்டும் லேசாக ஆடியது. கடைசியில், மிக மெதுவாக, "சொல்றேன்டி," என்றாள்.

மற்றப் பதின்மூன்றையும் போட்டுப் பார்த்தேன். "சொல்றேங்க," "சொல்றேன் மிஸ்," "என்னாத்தம்மா சொல்ல." ஊர் பேர் தெரியாத ஒரு போனுக்கு யாரும் டி போடவில்லை. அம்மாவுக்குத் தெரிந்திருக்கிறது. அந்த அறையில் அவள் தனியாக இருக்கவில்லை. எனக்குத்தான் பதில் சொல்லியிருக்கிறாள்.

ஆனால் தெரிந்து சொன்ன பொய்யா, தெரியாமல் சொன்ன மறதியா? குரலை நினைவு வைத்திருப்பவர்கள்கூட மற்றதையெல்லாம் மறந்துவிடுவார்கள் என்பார்கள். மறுநாள் ஞாயிறு. போன் எடுக்காமல் விடியற்காலையிலேயே பஸ் ஏறினேன். பல்லேகலயில் ஏதோ மெட்ச், ஸ்டேடியத்து வாசலில் பஸ் அரை மணித்தியாலம் நின்றது. கொடி விற்கிறவனைக்கூட எரிச்சலோடு பார்த்துக்கொண்டிருந்தேன். தெல்தெனியவில் ஆட்டோ பிடித்து, ரோட்டிலேயே இறங்கி, இறக்கத்தில் நடந்தேன்.

அம்மா வாசலில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். இளைத்திருந்தாள். என்னைக் கண்டதும் சுளகைக் கீழே வைத்துவிட்டு எழுந்தாள். தீபாவளி இல்லாத நாளில் ஏன் வந்தாய் என்று கேட்கவில்லை. வாசலை விட்டு ஒதுங்கி நின்றாள்.

"உள்ள வாடி," என்றாள்.

போனேன். நாலு வருஷத்துக்குப் பிறகு அந்த வாசலைத் தாண்டினேன். அவள் என் பின்னால் வரவில்லை. நான் வந்த பாதையையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"பெட்டி எங்க?"

"எந்தப் பெட்டி?"

"நான் ரோட்டு வரைக்கும் தூக்கிட்டு வந்தேனே, அது. என்னா கனம் கனத்துச்சு."

அவள் ஒன்றையும் மறந்திருக்கவில்லை.

"ரூம்ல இருக்கும்மா," என்றேன்.

அவள் அடுப்படிக்குப் போய், சட்டியை வைத்து, மாவை எடுத்தாள். முதுகைக் காட்டிக்கொண்டுதான் பேசினாள்.

"ரெண்டு ரொட்டி தின்னுட்டுப் போயி எடுத்துட்டு வா. பன்னெண்டு மணி பஸ்ஸு இருக்கு."