ஒற்றை அட்டைக் குவியல்

எத்தனை வகை என்று முதலில் சொல், பிறகு பிரித்துத் தருகிறேன் என்பதுதான் அந்தக் காலத்துப் புரோகிராம்களின் குணம். நோயாளிகளை வகை பிரிக்க வேண்டுமென்றால் கம்ப்யூட்டருக்குள் போகிற துளை அட்டைகளில் முதல் அட்டையிலேயே மூன்று என்றோ நான்கு என்றோ ஓர் எண்ணைத் துளையிட்டுக் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் ஓடாது. மூன்று என்று கொடுத்தால் மூன்றாகப் பிரித்துத் தரும். உள்ளே ஏழு வகை இருந்தாலும் அதற்கு மூன்றுதான். எனக்கு அதைப் பார்த்தாலே பற்றிக்கொண்டு வரும். எத்தனை வகை என்று எனக்கே தெரிந்திருந்தால் இந்த இயந்திரத்தின் வாசலில் வந்து நான் ஏன் நிற்கிறேன்?

எண்பதுகளின் தொடக்கத்தில் கொடைக்கானலில் ஒரு வாடகை வீட்டில் நடந்துவந்த ஆய்வுத் திட்டத்தில் புள்ளிவிவர வேலைக்குச் சேர்ந்தேன். தாண்டிக்குடிப் பக்கத்துக் காப்பித் தோட்டங்களில் யாருக்கு என்ன நோய் வருகிறது, எதனால் சாகிறார்கள் என்று பதிந்து, மாதாமாதம் அறிக்கை அனுப்புவதுதான் திட்டம். டைரக்டர் ஓய்வுபெற்ற டாக்டர். நல்ல மனிதர்தான். ஆனால் அவர் கணக்கில் தோட்டத்துச் சனங்களுக்கு வருவது மூன்றே சீக்கு: காய்ச்சல், நெஞ்சு, வயிறு. நாற்பது வருட அனுபவத்தில் நாலாவது ஒன்றை அவர் பார்த்ததில்லையாம். பார்க்காததெல்லாம் இல்லாதது என்று நினைப்பதற்கு அனுபவம் மாதிரி வசதியான சாக்கு கிடையாது.

நான் மதுரையில் படித்த கடைசி வருடம் நூலகத்தில் ஒரு வெளிநாட்டு இதழில் ஒரு கட்டுரை கண்ணில் பட்டது. எழுபதுகளில் வந்த, பேய்சியன் என்கிற நிகழ்தகவுக் கணக்கு முறை ஒன்றைப் பற்றியது. அதில் எத்தனை வகை என்று முன்கூட்டிச் சொல்ல வேண்டியதில்லை. புதிதாக வருகிற ஒவ்வொருவரையும் ஏற்கனவே இருக்கிற குவியல்களோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். ஆள் அதிகம் உள்ள குவியல் அதிகமாக இழுக்கும். தன்னைப் போன்றவர்கள் இருக்கிற குவியலும் இழுக்கும். ஆனால் இவற்றுக்கு அப்பால், இதுவரை யாருமே வராத ஒரு குவியலுக்கென்று கொஞ்சம் இடம் எப்போதும் காலியாக விடப்பட்டிருக்கும். யாரோடும் ஒட்டாதவர் அங்கே போய்க்கொள்ளலாம். ஆயிரம் பேர் வந்த பிறகும் அந்த இடம் சுருங்குமே தவிர மூடாது. இதைப் படித்த அன்று நான் சாப்பிடக்கூட மறந்துபோனேன். நமக்குத் தெரியாதது இருக்கிறது என்று ஒரு கணக்கே ஒப்புக்கொள்வதை அதுவரை நான் பார்த்திருக்கவில்லை.

அந்த முறைக்கென்று கடையில் வாங்கக்கூடிய மென்பொருள் எதுவும் அப்போது கிடையாது. நானே ஃபோர்ட்ரான் என்ற கம்ப்யூட்டர் மொழியில் எழுதினேன். நானூறு சொச்சம் வரிகள், வரிக்கு ஓர் அட்டை. ஏழு மாதம் ஆனது. கொடைக்கானல் பனியில் அட்டைகள் ஊறிப் பருத்துவிடும். பருத்த அட்டை இயந்திரத்தின் வாயில் சிக்கிக்கொள்ளும். அதனால் நைலான் தாளில் சுற்றி, மடியில் வைத்துக்கொண்டு, மாதம் ஒருமுறை வத்தலக்குண்டு வழியாக மதுரைக்கு பஸ் ஏறுவேன். அங்கே ஒரு கல்லூரியில் கம்ப்யூட்டர் இருந்தது. அதை இயக்குகிறவர் என் அட்டைக் கட்டை வாங்கும்போதெல்லாம் "மலைக்காரம்மா வந்தாச்சா?" என்று சிரிப்பார். கொண்டைஊசி வளைவுகளில் வாந்தி எடுத்து வந்த முகத்தோடு நான் அவரை முறைப்பேன்.

தோட்டத்திலிருந்து விவரங்களை எழுதித் தந்தவள் டிஸ்பென்சரியில் உதவியாக இருந்த ஓர் அக்கா. இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்து, எழுபதுகளில் குடும்பத்தோடு கப்பலேறி வந்தவள். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவள். இங்கே வந்த இரண்டாம் வருடமே புருஷன் போய்ச்சேர்ந்துவிட்டான். எட்டு வயதில் ஒரு மகள். அவர்கள் இருந்த வரிசை வீடுகளை அவள் லயம் என்றுதான் சொல்வாள். எட்டாம் வகுப்புவரை படித்த அவளுடைய கையெழுத்து என் கையெழுத்தைவிட அழகு. படிவத்தில் காய்ச்சல் உண்டா, இருமல் உண்டா, பேதி உண்டா என்று பதினொரு கேள்விகள். உண்டு, இல்லை என்று குறிக்க வேண்டும். அவள் அதைக் குறித்துவிட்டு, படிவம் கேட்காததையெல்லாம் தாளின் பின்பக்கத்தில் பென்சிலால் எழுதி அனுப்புவாள். ஆளுக்கு ஓர் அட்டை என்ற என் கணக்கில் பின்பக்கத்துக்கு இடமில்லை. பதினொரு விடைகளைத் துளைத்துவிட்டுத் தாளை ஃபைலில் போட்டுவிடுவேன்.

அந்த வருடம் ஆடி மாதம் ஜீப்பில் நான் தோட்டத்துக்குப் போனபோது அக்கா ஒரு படிவத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள். அவள் லயத்தில் ஓர் ஆள் செத்திருந்தார்.

"அம்மா, இது மூணுலயும் சேராதுங்க. காய்ச்சல் இல்ல. இருமலும் இல்ல. வாயில நொரை தள்ளிருச்சு, ஒடம்பெல்லாம் வேர்வை. காலையில நல்லாச் சாப்புட்ட மனுசன், மத்தியானம் இல்ல."

"மிஷின் என்ன சொல்லுதுன்னு பாப்போம்க்கா."

"மிஷினுக்கு இதெல்லாம் விளங்குமாங்க?"

"அதுக்குத்தானே எழுதியிருக்கேன். எதுலயும் சேராதது வந்தா அதுவே தனியா எடுத்து வச்சிரும்" என்றேன், பெருமையாக.

அப்படியே எடுத்து வைத்தது. மதுரையில் தாள் வெளியே வந்தபோது மூன்று பெரிய குவியல்களுக்குக் கீழே நான்காவதாக ஒன்று இருந்தது. அதில் ஒரே ஓர் அட்டை. சொல்ல வெட்கமாக இருக்கிறது, எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். ஒரு மனிதர் செத்துப்போனதால் என் புரோகிராம் வேலை செய்கிறது என்று தெரிந்துகொண்டேன்.

டைரக்டருக்குச் சந்தோஷம் இல்லை.

"ஏம்மா, ஒத்தை ஆளுக்குன்னு ஒரு சீக்கா? போன தரமும் இப்படித்தான் ஒன்னு தனியா வந்துச்சு. கடைசியில பாத்தா நீ தொளை போட்டதுல தப்பு."

அது உண்மை. தவறாகத் துளைத்த அட்டைகளும் இப்படித்தான் தனியாகப் போய் உட்காரும்.

"இது தப்பு இல்லீங்க சார். நான் சரி பாத்துட்டேன்."

"இருக்கட்டும்மா. ஒத்தையா வர்றதையெல்லாம் பக்கத்துல எது கெடக்கோ அதோட சேத்துரு. ஒவ்வொன்னுக்கா நின்னு பாத்துக்கிட்டு இருக்குறதா நம்ம சோலி? ரிப்போர்ட்டு வெரசாப் போகணும்."

பஸ்ஸில் இடத்துக்காகக் கண்டக்டரோடு சண்டை போடுகிறவள் நான். கறிகாய்க் கடையில் அழுகின கேரட்டைத் திருப்பி வீசுகிறவள். அன்று வாயை மூடிக்கொண்டேன். அறிக்கை நேரத்துக்குப் போகாவிட்டால் திட்டம் நீடிக்காது, திட்டம் நீடிக்காவிட்டால் நான் ஊருக்குத் திரும்பி யாருக்காவது கழுத்தை நீட்ட வேண்டும். இதுதான் காரணம். வேறு பெரிய காரணம் எதுவும் இல்லை. ஒன்பது வரியில் ஒரு சின்னப் பகுதி எழுதிச் சேர்த்தேன். ஓட்டம் முடிந்ததும் ஒரே அட்டை உள்ள குவியல்களைத் தேடிப்பிடித்து, ஓரளவுக்காவது ஒத்துப்போகிற பெரிய குவியலில் கலந்துவிடும். அடுத்த மாத ஓட்டம் அப்படிக் கலந்த குவியல்களிலிருந்தே தொடங்கும். அதற்கு க்ளீன் என்று பெயர் வைத்தேன். அறிக்கை நேர்த்தியாக இருந்தது. டைரக்டர் பாராட்டினார்.

ஆவணியில் அதே லயத்தில் இன்னொருவர். புரட்டாசியில் ஒரு பெண். இரண்டு முறையும் தாளின் அடியில் 'இணைக்கப்பட்டவை' என்ற வரியில் ஓர் எண் வந்திருந்தது. தவறாகத் துளைத்ததாக இருக்கும் என்று தாளைத் திருப்பிவிட்டேன். புரட்டாசிப் படிவத்தைத் தரும்போது அக்கா, "மிஷினு என்ன சொல்லுச்சுங்க?" என்று கேட்டாள். "வயிறுன்னு சொல்லுதுக்கா" என்றேன். அவள் படிவத்தை என் கையில் வைத்துவிட்டு உள்ளே போனாள். நான் படித்தவள், நான் எழுதிய இயந்திரம். அவள் என்ன சொல்வாள்?

நான் செய்த தப்பு என்னவென்று என் தொழிலில் இருக்கிறவர்களுக்கு ஒரு நொடியில் புரியும். மற்றவர்களுக்கும் புரியாமல் இருக்க இது ஒன்றும் ராக்கெட் இல்லை. முதலில் வந்தவரைத் தனியாக விட்டுவைத்திருந்தால், இரண்டாவதாக வந்தவர் அவரைப் பார்த்து அங்கே போயிருப்பார். நான் முதலாமவரை வயிற்றுக் குவியலில் நூற்றுச் சொச்சம் பேருக்கு நடுவே கரைத்துவிட்டேன். இரண்டாமவர் வந்தபோது அவரைப் போல அங்கே யாரும் இல்லை. அவரும் ஒற்றை. அவரையும் கரைத்தேன். மூன்றாவதாக வந்தவளும் ஒற்றை. இப்படி முப்பது பேர் வந்திருந்தாலும் முப்பது பேரும் ஒற்றையாகவே வந்திருப்பார்கள். எதையும் முன்கூட்டி முடிவுகட்டாத ஒரு முறையை அரும்பாடுபட்டுக் கட்டிவிட்டு, அதன் கழுத்தை ஒன்பது வரியில் நெரித்தேன்.

ஐப்பசியில் அக்காவின் மகள் செத்துப்போனாள்.

படிவத்தை அக்காவேதான் நிரப்பியிருந்தாள். பதினொரு கேள்விக்கும் விடை, அதே அழகான கையெழுத்து. தாளைத் திருப்பினேன். பின்பக்கத்தில், 'காலை ஏழு மணி, இரண்டு ரொட்டி சாப்பிட்டது' என்று இருந்தது. ஃபைலை எடுத்து வந்து தரையில் கொட்டி அந்த லயத்துப் படிவங்களைத் தேடி எடுத்தேன். முன்னால் செத்த மூன்று பேரின் படிவங்களிலும் பின்பக்கத்தில் ரொட்டி என்று எழுதியிருந்தது. டைரக்டரிடம் போய்ச் சொன்னேன். அவர் நான்கு தாள்களையும் முன்னும் பின்னும் இரண்டு முறை படித்தார். பிறகு எழுந்து, தானே ஜீப்பைக் கிளப்பச் சொன்னார்.

மலையில் மற்ற தோட்டத்து ஆட்கள் காலையில் பழைய சோறோ களியோ சாப்பிடுவார்கள். இலங்கையிலிருந்து வந்த குடும்பங்களுக்கு மட்டும் ரொட்டி. அங்கே கோதுமை மா தின்று பழகிய நாக்கு, இங்கே வந்தும் மாறவில்லை. எலிக்கும் ஈரத்துக்கும் பயந்து அந்த மாவை மூடி இறுக்கமான டின்னில் போட்டு வைப்பதும் அங்கே பழகியதுதான். காப்பிச் செடிகளுக்கு நடுவே நின்ற ஆரஞ்சு மரங்களுக்குத் தூவுகிற பூச்சிமருந்துப் பொடி அப்படிப்பட்ட டின்களில் வந்தது. காலி டின்கள் தோட்டத்து ஷெட்டுக்குப் பின்னால் கிடந்தன. வேண்டாமென்று யாரும் சொல்லவில்லை, எடுத்து வந்தார்கள். அழுக்காக அல்ல, சாம்பல் போட்டு மூன்று தரம் தேய்த்துக் கழுவி, வெயிலில் காயவைத்துத்தான் மாவைக் கொட்டினார்கள். டின்னின் அடிமடிப்பில் கெட்டியாக ஒட்டியிருந்த பொடிக்குச் சாம்பல் போய்ச்சேரவில்லை. மாவு தீர்ந்து, அடியைத் தட்டி எடுத்துப் பிசைந்த நாளில்தான் ஒவ்வொரு வீட்டிலும் சாவு விழுந்திருக்கிறது. டைரக்டர் அந்த லயத்திலிருந்து பதினாறு டின்களை எடுத்து வந்தார். அதற்குப் பிறகு அங்கே அப்படி யாரும் சாகவில்லை.

மறுநாளே நான் அட்டைகளைக் கட்டிக்கொண்டு மதுரைக்குப் போனேன். யாரும் போகச் சொல்லவில்லை. க்ளீன் என்ற அந்த ஒன்பது அட்டைகளையும் கட்டிலிருந்து உருவிவிட்டு, முதல் மாதத்திலிருந்து எல்லாவற்றையும் மறுபடி ஓட்டினேன். நான்காவது குவியலில் நான்கு அட்டைகள் இருந்தன. அது எந்த இடத்தில் உருவானது என்றும் தாளில் இருந்தது. ஆவணியில் இரண்டாவது அட்டை வந்து முதல் அட்டையோடு சேர்ந்திருக்கிறது. நம்பாமல் இன்னொரு முறை ஓட்டினேன். அதேதான். அன்று இயக்குகிறவர் என்னைக் கேலி செய்யவில்லை. என் முகம் அப்படி இருந்திருக்க வேண்டும்.

அந்த வாரக் கடைசியில் அக்காவைப் பார்க்கப் போனேன். டிஸ்பென்சரி பெஞ்சில் உட்கார்ந்து வழக்கம்போல மாத்திரைகளைக் காகிதத்தில் மடித்துக்கொண்டிருந்தாள். நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். அழுதேன். அவள் அழவில்லை. கையிலிருந்த பொட்டலத்தை மடித்து முடித்துவிட்டுக் கேட்டாள்.

"அம்மா, ஒன்னு கேக்கணும். அந்த மிஷினு இத முன்னுக்கே சொல்லியிருக்குமாங்க? எம்புள்ளைக்கு முன்னுக்கு?"

விடை எனக்குத் தெரியும். என் தோள்பையில் நாலாக மடித்த தாளில் இருந்தது. ஆவணி. இரண்டு மாதம்.

"சொல்ல முடியாதுக்கா" என்றேன்.

தெரியாததைத் தெரியாது என்று நேர்மையாகச் சொல்வதற்காகத்தான் நான் அத்தனை வருடம் படித்தது. வாழ்க்கையில் அதைப் பொய்யாகச் சொன்னது அந்த ஒருமுறைதான்.

அக்கா தலையாட்டினாள். "அதானே. ஒவ்வொரு ஆளா வந்தா யாருக்குத்தான் விளங்கும்? நீங்க மனசப் போட்டு ஒழப்பிக்காதீங்க. நீங்களும் என்ன செய்வீங்க?" என்று சொல்லி என் முதுகைத் தடவிக்கொடுத்தாள். மகளைப் புதைத்துப் பத்து நாள்கூட ஆகியிருக்கவில்லை. நான் அந்தக் கையை விலக்கவில்லை. ஜீப்காரர் வந்து ஹாரன் அடிக்கும்வரை அவள் தடவிக்கொண்டே இருந்தாள்.