டிரைவர் ராஜமணி படித்த பதினேழு புத்தகங்கள்

நாகர்கோவிலிலிருந்து இராஜாக்கமங்கலம் போகும் டவுன் பஸ்ஸை ஓட்டும் ராஜமணியை அந்தத் தடத்தில் தெரியாதவர்கள் கிடையாது. கடைசி நிறுத்தத்தில் பஸ்ஸுக்கு இருபது நிமிடம் ஓய்வு. மற்ற டிரைவர்கள் டீ குடிப்பார்கள், அரசியல் பேசுவார்கள், இரண்டும் அலுத்தால் தூங்குவார்கள். ராஜமணி ஸ்டியரிங்கின் மேல் புத்தகத்தை விரித்துவைத்துப் படிப்பார். கதைப் புத்தகமோ வேதப் புத்தகமோ அல்ல, நல்ல அப்பாவாக இருப்பது எப்படி என்று சொல்லித்தரும் புத்தகங்கள்.

இதில் கேலி செய்ய நிறைய இருக்கிறது, செய்யவும் செய்தார்கள். "அண்ணே, எங்க அப்பா ஒரு புக்கும் படிக்கல்ல. நான் வளரல்லியா?" என்று கேட்பார் கண்டக்டர் முருகதாஸ்.

"நீ வளந்திருக்கியதப் பாத்துதாம்லே நான் படிக்கேன்" என்பார் ராஜமணி.

அவர் மனைவி பூங்கனி குவைத்தில் நர்ஸ். மகள் ஜாஸ்மிக்கு எட்டு வயதாக இருக்கும்போது விமானம் ஏறியவர், வருடத்துக்கு ஒரு மாதம் வந்து போவார். ஜாஸ்மிக்கு இப்போது பதினான்கு. இந்த ஆறு வருடமும் வீட்டில் அப்பாவும் மகளும் மட்டும்தான். பிள்ளையைச் சித்தி வீட்டில் விடு, ஹாஸ்டலில் போடு என்று சொந்தக்காரர்கள் ஆளுக்கொரு யோசனை சொன்னார்கள். எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு ராஜமணி நூலகத்துக்குப் போனார்.

"அம்மாமாருக்குன்னா ஒரு அலமாரி நெறைய இருக்கு. அப்பாமாருக்கு..." என்று இழுத்தார் நூலகர் நேசபாய். தேடித் தேடி இரண்டை எடுத்துக் கொடுத்தார். அங்கே தொடங்கியது. புத்தகக் கண்காட்சி, பழைய புத்தகக் கடை, கோயில் நூலகம் என்று அலைந்து பதினேழு புத்தகங்களைப் படித்து முடித்திருந்தார். பத்தாம் வகுப்போடு படிப்பை விட்ட மனிதர் அவர். பிடித்த வரிகளை ஒரு டைரியில் எழுதியும் வைத்துக்கொண்டார்.

படித்ததை அப்படியே செய்துபார்ப்பதும் அவர்தான். குளிர்காலத்தில் பிள்ளையோடு சேர்ந்து பனி மனிதன் செய்யுங்கள் என்றது ஒரு மொழிபெயர்ப்புப் புத்தகம். இராஜாக்கமங்கலத்தில் பனிக்கு எங்கே போவது? கடற்கரைக்குக் கூட்டிப்போய் மணலில் ஒரு ஆளைச் செய்தார். மூக்குக்குக் கேரட் வைக்கச் சொல்லியிருந்தது, வீட்டில் இருந்த முருங்கைக்காயை வைத்தார். பிள்ளையின் அறைக்குள் போகுமுன் கதவைத் தட்டுங்கள் என்றது இன்னொன்று. ஜாஸ்மியின் அறைக்குக் கதவே கிடையாது, திரைச்சீலைதான். அதனால் என்ன, வாசல் நிலையில் மூன்று தட்டு தட்டி, "மக்கா, வரலாமா?" என்று கேட்டுவிட்டுத்தான் போவார்.

அப்பாக்கள் சொல்வதற்கென்றே ஒரு சிரிப்புப் புத்தகமும் வைத்திருந்தார். காலையில் புட்டு அவியும் நேரத்தில் ஒரு சிரிப்பு. புத்தகத்தில் இருந்தது தீர்ந்ததும் சொந்தச் சரக்கில் இறங்கினார். "பிரேக் டவுன் ஆன பஸ்ஸுக்கும் பரீச்சைக்குப் போற பிள்ளைக்கும் என்ன ஒற்றுமை? ரெண்டையும் பின்னால நின்னு நாலுபேரு தள்ளணும்."

ஜாஸ்மி புட்டை விழுங்கிவிட்டு, "சிரிக்கணுமா, இல்ல சிரிச்சாச்சுன்னு எடுத்துக்கிடுவியளா?" என்பாள். அதற்கு அவர்தான் விழுந்து விழுந்து சிரிப்பார்.

ஆனால் பதினேழு புத்தகத்திலும் ஓர் ஓட்டை இருந்தது. பாதிக்கு மேல் ஆண் பிள்ளைகளின் அப்பாக்களுக்கு எழுதப்பட்டவை. மகள் வளர்கிற காலத்தைப் பற்றி டாக்டர் ஒருவர் எழுதிய தடிப் புத்தகத்தில் மட்டும் ஒரே ஒரு வரி இருந்தது: இந்த விஷயங்களை அம்மாவிடம் விட்டுவிடுங்கள். எழுதியவர் வீட்டில் அம்மா அடுக்களையில் இருந்திருப்பார், குவைத்தில் அல்ல. ராஜமணியோ அந்த வரியையும் கீழ்ப்படிதலோடு டைரியில் எழுதிக்கொண்டார். ஜாஸ்மி பெரியவளானது பூங்கனி லீவில் வந்திருந்த மாதம். அன்றைக்கு அவரை மீன் வாங்க அனுப்பிவிட்டார்கள். அதன்பிறகு அந்தப் பேச்செல்லாம் அம்மாவுக்கும் மகளுக்கும் இடையில், போனில் நடந்தது. அவர் அந்தப் பக்கமே போகவில்லை.

போன மாதம் முதல் வாரம், ஒரு செவ்வாய்க்கிழமை. பதினொன்றரை மணி டிரிப். பள்ளிக்கூடம் நடந்துகொண்டிருக்கும் நேரத்தில், மெடிக்கல் ஷாப் முன்னால் உள்ள நிறுத்தத்தில் ஜாஸ்மி பஸ்ஸில் ஏறினாள். கறுப்புக் கவரில் ஏதோ ஒரு பொதியை நெஞ்சோடு அணைத்துப் பிடித்திருந்தாள். கண்ணாடியில் மகளைப் பார்த்த ராஜமணிக்குத் திக்கென்றது. வகுப்பை வெட்டிவிட்டுச் சுற்றுகிறாள் என்று மனம் ஒரு நொடியில் முடிவுகட்டிவிட்டது. என்ஜினை அணைத்துவிட்டுத் திரும்பினார்.

"ஏட்டி, பள்ளிக்கூடத்த விட்டுட்டு எங்க சுத்திட்டு வாற?"

பஸ் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. ஜாஸ்மி தலையைக் குனிந்துகொண்டாள்.

"கையில என்ன பொதி?"

"ஒண்ணுமில்லப்பா."

"ஒண்ணுமில்லன்னா காட்டுததுக்கு என்ன? காட்டு!"

"அண்ணே, வண்டிய எடுங்க" என்றார் முருகதாஸ். ஜாஸ்மி பொதியை முதுகுக்குப் பின்னால் மறைத்தாள். கண் நிறைந்து வழிந்தது. பிறகு இறங்கி, வெயிலில் வீட்டைப் பார்த்து நடக்கத் தொடங்கினாள்.

முன் இருக்கையில் இருந்த வயதான அம்மா ஒருத்தி டிரைவர் சீட்டுக்குப் பக்கத்தில் குனிந்து, மற்றவர்களுக்குக் கேட்காமல் சொன்னாள். "ஓய், உமக்குக் கண்ணு ரோட்டுல மட்டுந்தான் தெரியுமா? பிள்ளைக்க மொகத்தப் பாத்தா தெரியல்லியா, மாசாமாசம் வாற வயித்துவலின்னு? கடையில என்னத்த வேங்கியிருப்பா?"

அன்றைக்கு ராஜமணி இரண்டு நிறுத்தங்களில் ஆளை இறக்க மறந்து ஓட்டினார். டைரியின் முதல் பக்கத்தில், அவர் கையெழுத்தில், 'ஏசுமுன் கேளுங்கள்' என்று இருக்கிறது. ஆறு வருடம் காத்த விதி அது. ஒரே நிமிடத்தில் அதைப் போட்டு உடைத்துவிட்டார்.

சாயங்காலம் பூங்கனி போனில் கூப்பிட்டார். "டீச்சர்ட்ட சொல்லிட்டுதான் பிள்ள வந்திருக்கா. கேட்டியளா, அவ ஹாஸ்டல்ல சேரணும்னு சொல்லுதா. அடுத்த மாசம் ஒண்ணாந்தேதி எடம் இருக்காம். நான் என்ன சொல்லியும் கேக்கல்ல." "அப்பா புத்தகத்துலதான் நல்ல அப்பான்னு சொன்னா" என்றும் சொன்னார்.

ராஜமணி நிலையைத் தட்டினார். வெளியே நின்றபடியே சொன்னார். "மக்கா, அப்பா செஞ்சது தப்பு. மன்னிச்சிரு."

திரைக்குப் பின்னாலிருந்து குரல் மட்டும் வந்தது. "பஸ்ஸு நெறைய ஆளு இருந்துச்சுப்பா. இஞ்ச வந்து மெதுவா சொன்னா சரியாயிருமா?"

சரியாகாது என்று அவருக்கும் தெரிந்தது. புதன்கிழமை கடைசி நிறுத்தத்தில் அவர் புத்தகத்தைத் திறக்கவே இல்லை. பஸ்ஸில் வைத்துச் செய்த தப்பை பஸ்ஸில் வைத்துத்தான் ஒப்புக்கொள்ள வேண்டும், ஆனால் பிள்ளையின் அந்தரங்கத்தில் ஒரு நூல்கூட வெளியே தெரியக்கூடாது. என்ன வார்த்தை சொல்வது என்று வெறும் ஸ்டியரிங்கைப் பார்த்தபடி யோசித்துக்கொண்டிருந்தார்.

வியாழக்கிழமை, அதே பதினொன்றரை டிரிப். தினமும் வருகிற அதே ஆட்கள். மெடிக்கல் ஷாப் நிறுத்தத்தில் பஸ்ஸை நிறுத்தி, என்ஜினை அணைத்துவிட்டு எழுந்து நின்றார். காக்கிச் சட்டையின் முதுகு வியர்வையில் நனைந்திருந்தது.

"எல்லாரும் ஒரு நிமிசம் பொறுக்கணும். செவ்வாக்கிழம இதே எடத்துல வச்சு எனக்க மவள நான் ஏசினேன். பாத்த ஆளுவ நெறைய பேரு இருக்கிய. பிள்ள டீச்சர்ட்ட சொல்லிட்டுதான் வந்திருக்கா. அவ மேல ஒரு தப்பும் இல்ல. என்ன ஏதுன்னு கேக்காம ஆளுவ முன்னால அவள நாணங்கெடுத்தினது நான். தப்பு எனக்கதுதான்."

பின்னாலிருந்து ஒருவர், "அதெல்லாம் சரி டிரைவரே, கையில என்னதான் இருந்துச்சாம்?" என்று கேட்டார். இரண்டு பேர் சிரித்தார்கள்.

"அது அவளுக்க சாமானம். அத நான் கேட்டதுதான் தப்புன்னு சொல்லுதேன். நீங்களும் கேக்கப்படாது."

சிரிப்பு நின்றது. ராஜமணி உட்கார்ந்து வண்டியை எடுத்தார். பெற்ற பிள்ளையிடம் தப்பை ஒப்புக்கொள்கிற அப்பாக்களே நம்மூரில் அரிது. ஐம்பது பேர் முன்னால் எழுந்து நின்று அதைச் செய்த மனிதரைக் கையெடுத்துக் கும்பிடலாம். எந்தப் புத்தகமும் அவருக்கு அதைச் சொல்லித்தரவில்லை.

இராஜாக்கமங்கலத்தில் ஒரு செய்தி வீடு வந்துசேர அரைநாள் போதும். ஜாஸ்மி காதுக்கும் அன்றைக்கே போயிருக்கும். ஆனால் அவள் ஒன்றும் சொல்லவில்லை. சாப்பிட்டாள், பள்ளிக்கூடம் போனாள், கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாள். காலையில் புட்டு அவிந்தது, சிரிப்பு இல்லை. மூன்று வாரம் இப்படியே போயிற்று. இருபத்தைந்தாம் தேதி ஹாஸ்டல் விண்ணப்பத்தை மேசைமேல் வைத்து, "அப்பா கையெழுத்து வேணும்" என்றாள். 'போகாதே' என்ற வார்த்தை அவர் தொண்டைவரை வந்தது. வற்புறுத்தி இருத்திவைத்தால் அது அவருக்கு வேண்டுமானால் நிம்மதி, அவளுக்கு அல்ல. கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். அன்றைக்கு மாலை டிரிப் முழுக்க அவர் முகத்தை முருகதாஸால் பார்க்க முடியவில்லை.

இருபத்தொன்பதாம் தேதி, கடைசி நிறுத்தத்தில் பஸ் நின்றிருந்தபோது போனில் செய்தி வந்தது. பள்ளிக்கூடம் விட்டு வீட்டுக்கு வந்த ஜாஸ்மி அனுப்பியிருந்தாள்.

"அப்பா, வரும்போ மெடிக்கல்ல பேடு வேங்கிட்டு வாங்க. பெரிய பாக்கெட். அடுத்த மாசத்துக்கும் சேத்து ரெண்டு."

ராஜமணி அதை மூன்று தடவை படித்தார். அடுத்த மாதம் அவள் ஹாஸ்டலில் இருக்க வேண்டியவள். ஸ்டியரிங்கில் தலையைச் சாய்த்துக்கொண்டு, யார் பார்க்கிறார்கள் என்றுகூடப் பாராமல் அழுதார். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு இறங்கி, காக்கிச் சட்டையோடு பக்கத்திலிருந்த மெடிக்கல் ஷாப்பைப் பார்த்து ஓடினார்.

அன்றைக்கு பஸ் நான்கு நிமிடம் தாமதமாகத்தான் கிளம்பியது.