சலீமின் ஸ்பேனர்

நேற்றுக் காலை ஊரூர் ஒல்காட் குப்பத்து மணலில் யாரோ படகு எஞ்சினைக் கிளப்பினார்கள். குப்பென்று மண்ணெண்ணெய்ப் புகை. என்னோடு நடக்க வந்தவர் கர்ச்சீப்பைத் தேடினார். நான் நின்று நெஞ்சு நிறைய இழுத்துக்கொண்டேன். நாற்றம்தான், இல்லை என்று சொல்லவில்லை. என் இருபதுகளெல்லாம் அதில்தான் போயின.

விமானந்தாங்கிக் கப்பலில் மெக்கானிக் வேலை. விமான எண்ணெய்க்கும் இதே வாசனை; சட்டையில், தலையணையில், ஏன், சாம்பாரிலும். சாந்தோமில் வளர்ந்தவனுக்குக் கடல் என்ன பிரமாதம் என்று ஏறிய நான், முதல் வாரம் முழுக்க வாந்தி எடுத்தேன். மூன்றடுக்குக் கட்டில். மேலே விமானம் இறங்கினால் பல்லெல்லாம் ஆடும். குறுக்கும் நெடுக்கும் துணி காயும் எங்கள் மூலைக்குப் பேர் பாண்டி பஜார். வைத்தவன் கீழ்க்கட்டில் சலீம், மீர்சாகிப்பேட்டைக்காரன்.

பெரிய மனிதர்கள் பார்வையிட வந்த நாளில், அவர்கள் முன் பறக்கவிருந்த விமானத்தில் வேலையை முடித்தபோது அவனுடைய ஸ்பேனர் ஒன்று காணாமல் போனது. விமானத்துக்குள் கிடந்து எதிலாவது சிக்கினால் பைலட் திரும்ப மாட்டார். எங்கள் மேஸ்திரி மாதிரி இருந்த திருநெல்வேலிக்காரர் பல்லைக் கடித்தார்.

"ஏலே, வாயை மூடிட்டு இரு. பொறவு தேடிக்கிடலாம்."

"இன்னா அண்ணே, உள்ள ஒரு ஆளு குந்திகினு போறாரு. தேடாம வுட மாட்டேன்" என்று சலீம் விமானச் சக்கரத்துக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டான்.

நானும் அவன் பக்கத்தில் உட்கார்ந்தேன். பிறகு பாண்டி பஜாரே வந்து உட்கார்ந்தது. ஓடி வந்த அதிகாரி விஷயத்தைக் கேட்டு, "தேடுங்கள்" என்றார். விருந்தாளிகள் காத்திருக்க, சமையல்காரர் முதல் அதிகாரி வரை தோளோடு தோள் உரசி, தலை குனிந்து கப்பலின் மேல்தளம் முழுக்க நடந்தோம். அங்கே இல்லை. விமானத்தைப் பிரித்தபோது, பைலட்டின் கால் மிதிக்கு அடியில் கிடந்தது.

தொலைத்ததற்குத் தண்டனையாகச் சலீமின் ரம்ஜான் லீவு போயிற்று. "போனாப் போவுது மச்சி" என்றான். பண்டிகையன்று பாண்டி பஜாரில் பிரியாணி. திருநெல்வேலிக்காரரும் வந்து இரண்டு தட்டு சாப்பிட்டார்.

கப்பலை உடைத்து இரும்பாக விற்றுவிட்டார்கள். மீர்சாகிப்பேட்டையில் சலீம் வீடிருந்த சந்தில் இப்போது அபார்ட்மென்ட். அவனும் போய்ச் சேர்ந்துவிட்டான். "ஒன்றுமே மிஞ்சவில்லையே சார்" என்று யாரும் என்னிடம் உச்சுக்கொட்ட வேண்டாம். அன்று பறக்கவிருந்த பைலட் இருக்கிறார். பேரன் பேத்தி எடுத்துவிட்டார்.