மூன்றாம் நாள் ஊசி

உத்திரமேரூர் பேருந்து நிலையத்தில் ஷாரோனும் தங்கை எஸ்தரும் தங்க ஆரம்பித்து எட்டு மாதமாகிறது. ஷாரோனுக்குப் பதினொரு வயது, சின்னவளுக்கு நான்கு. அப்பா ஜான்சன் கூலிக்கு நாற்று நட்ட நிலமெல்லாம் மனைகளாகிவிட்டன. வரப்போரம் இருந்த அவர்கள் குடிசையும் போயிற்று. கம்பெனியில் லோடு ஏற்ற ஒரகடம் போன அப்பா திரும்பவில்லை. அம்மா மார்த்தாளை மஞ்சள் காமாலை கொண்டுபோனது. அதன் பிறகு பாட்டில் பொறுக்கியும், கோவிந்தம்மாளின் இட்லிக் கடையில் தட்டு கழுவியும் தங்கையை ஷாரோன்தான் வளர்த்தாள்.

கழுத்தில் அடையாள அட்டை தொங்க யார் வந்தாலும் எஸ்தரை இழுத்துக்கொண்டு ஒளிந்துகொள்வாள். குழந்தைகள் ஹோமில் சேர்த்தால் இருவரையும் பிரித்துவிடுவார்கள் என்று கேள்விப்பட்டிருந்தாள்.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை குப்பைமேட்டில் எஸ்தரின் காலை நாய் கடித்துவிட்டது. ஷாரோன் அவளை இடுப்பில் தூக்கிக்கொண்டு அரசு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள்.

"கூட யாரும்மா வந்துகீறாங்க?" நர்ஸ் பரிமளா காயத்தைக் கழுவியபடி கேட்டாள்.

"நான்தான்க்கா."

"பெரியவங்க?"

"நான்தான் பெரியவ."

பரிமளா அவளை ஒருமுறை ஏற இறங்கப் பார்த்துவிட்டு ஊசி போட்டாள். "இன்னும் மூணு ஊசி கீது. வெள்ளிக்கிழமை கண்டிப்பா இட்டுக்கினு வா."

வெளியே வரும்போது பரிமளா போனில் பேசியது ஷாரோன் காதில் விழுந்தது. "ரெண்டும் பொட்டப் புள்ளைங்க மேடம், யாரும் இல்ல போல கீது. வெள்ளிக்கிழமை வருவாங்க. நீங்களும் வந்துடுங்க."

வியாழக்கிழமை ஷாரோன் கோவிந்தம்மாளிடம் கேட்டாள்.

"போனா புடிச்சிக்கினு பூடுவாங்களா?"

"பூடுவாங்க."

"போவலன்னா?"

கோவிந்தம்மாள் மாவுக் கரண்டியைக் கீழே வைத்தாள். "அந்த நாய் காலைல செத்துக் கெடந்துச்சி கண்ணு."

வெள்ளிக்கிழமை ஷாரோன் தங்கையைக் குழாயடியில் குளிப்பாட்டி அழைத்துப் போனாள். ஆஸ்பத்திரி வாசலில் ஜீப் நின்றது. பார்த்ததும் கால் பின்வாங்கியது. எஸ்தர் நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்தாள். ஷாரோன் உள்ளே போனாள்.

ஊசி போட்டு முடித்ததும், காத்திருந்த அதிகாரியம்மாளிடம் அவளே போய் நின்றாள். "ஒரே எடத்துலதான வெப்பீங்க?"

"ஒரே ஹோம்தாம்மா" என்றார் அவர்.

பொய்யில்லை. காஞ்சிபுரத்தில் ஒரே கட்டடம்தான். ஆனால் சின்னவர்கள் கீழே, பெரியவர்கள் மாடியில். நான்கு ஊசியும் தவறாமல் போட்டார்கள். காயம் ஆறியது. ஷாரோன் பள்ளிக்கூடம் போகிறாள். முதல் வாரம் முழுக்க எஸ்தர் "அக்கா, அக்கா" என்று அழுவது மாடிவரை கேட்டது. பிறகு அழுகை நின்றுவிட்டது. அது நின்றதைத்தான் ஷாரோனால் தாங்க முடியவில்லை.