கொய்யாத் தோட்டத்தில் ஒரு மொட்டை

சோலைமலை அண்ணன் மொட்டைத் தலையோடு தோட்டத்துக்குள் வந்து நின்றபோது, என் வேலை போய்விட்டது என்றே நினைத்தேன். பிள்ளைகளே, ஒருவர் மொட்டை போட்டால் இன்னொருவருக்கு எப்படி வேலை போகும் என்று கேட்பீர்கள். முந்தின நாளிலிருந்து சொல்கிறேன்.

1. தலைத்துண்டு

எண்பதுகளில் தொலைக்காட்சி விவசாய நிகழ்ச்சிக்கு என்னைத் தற்காலிகமாக எடுத்திருந்தார்கள். படிப்பு பத்தாவதுதான். அதற்கு முன் பசுமலையில் ஓர் அச்சகத்தில் புரூஃப் பார்த்தேன். மதுரைப் பேச்சு சரளமாக வரும் என்றுதான் எடுத்தார்கள். கேள்வி கேட்பதும் நான், தயாரிப்பாளரும் நான். முதல் இரண்டு நிகழ்ச்சிகளும் எடுபடவில்லை. "மூணாவதும் இப்படித்தான்னா அச்சாபீஸுக்கே திரும்பிப் போயிடுங்க" என்று சென்னையில் அதிகாரி சொல்லிவிட்டார். உங்களில் மூத்தவளை அப்போதுதான் பள்ளிக்கூடத்தில் சேர்த்திருந்தோம்.

மூன்றாவது நிகழ்ச்சி, அழகர்கோவில் சாலையில் சோலைமலை அண்ணனின் கொய்யாத் தோட்டத்தில். கிளையில் வளையமாகப் பட்டையை உரித்து, அங்கே ஈர மண் வைத்து பாலிதீன் தாளால் கட்டினால் வேர் விடும். வெட்டி நட்டால் புதுக் கன்று. அதற்குப் பதியம் என்று பெயர்.

கேமராவைப் பார்த்ததும் அவருக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. மூன்று டேக் வீண். எழுந்து போய் பம்புசெட்டில் முகம் கழுவினார். மலையைப் பார்த்துச் சற்று நேரம் நின்றார். திரும்பி வந்து, "இப்பக் கேளுங்க தம்பி" என்றார். அதற்குப் பிறகு அருவி மாதிரி பேசினார்.

தலையில் கட்டிய துண்டு முகத்தில் நிழல் போட்டது. "துண்டை எடுத்துருங்கண்ணே" என்று முதல் டேக்குக்கு முன்பே சொல்லியிருந்தேன். உள்ளே கருகருவென்று சுருட்டை முடி. பட்டை உரிப்பது வரை எடுத்தோம். அதற்குள் மேகம் மூடிவிட்டது.

"லைட் போச்சு சார்" என்றார் கேமராமேன் பாஸ்கரன்.

கட்டுக் கட்டுவதை மறுநாள் எடுப்பதாக முடிவாயிற்று. கன்டினியூட்டி, அதாவது காட்சித் தொடர்ச்சி, கெடக்கூடாதே என்று, "இதே சட்டை, இதே வேட்டி. தாடியைக்கூட எடுத்துராதீங்கண்ணே" என்று இரண்டு முறை சொன்னேன். தலையைப் பற்றிச் சொல்லத் தோன்றவில்லை.

2. மொட்டை

காலையில் வந்தார். அதே சட்டை, அதே வேட்டி, அதே தாடி. தலையில் மட்டும் சந்தனம்.

"என்னண்ணே இது?"

"நேத்து வாய் கட்டிப்போச்சுல்ல? ஒழுங்காப் பேச வச்சா முடி எறக்குறேன்னு அழகருக்கு நேந்துக்கிட்டேன் தம்பி. சாயங்காலமே போயி எறக்கிட்டேன். சாமி காரியத்தத் தள்ளிப்போடலாமா? தாடியத் தொடாதீங்கன்னீங்க, தொடலையே."

பாஸ்கரன் தலையில் கை வைத்துக்கொண்டார். "சார், பட்டை உரிக்கும்போது முடி இருக்கு, கட்டும்போது இல்ல. பதியம் போட்டா முடி கொட்டும்னு ஜனங்க பயந்துருவாங்க."

"துண்டைக் கட்டிக்கங்கண்ணே."

"நேத்துக் கழட்டுன்னீங்க, இன்னிக்குக் கட்டுங்கிறீங்க."

கட்டிப் பார்த்தோம். மறுபடி நிழல். நேற்றைய காட்சியில் துண்டும் இல்லை.

"முதல்லருந்து எல்லாத்தையும் ஒரு தடவை பேசிடலாமா?" கேசட்டில் பத்து நிமிடம்தான் மிச்சம் என்பது தெரிந்தும் கேட்டேன்.

"அதுக்கு மறுபடி நேந்துக்கணும் தம்பி. எறக்க முடி எங்க இருக்கு?"

மூவரும் சிரித்துவிட்டோம். சிரித்தபோதுதான் தோன்றியது, இதை ஏன் மறைக்க வேண்டும் என்று. கேமராவை ஓடவிடச் சொன்னேன். "அண்ணே, நேத்து பட்டை உரிக்கும்போது தலை நிறைய முடி இருந்துச்சு. இன்னிக்கு எங்க போச்சு?" அவர் கை பதியத்தைக் கட்டிக்கொண்டே இருந்தது. வாய் நடந்ததை நடந்தபடி சொன்னது. ஓர் இடத்தில்கூடத் திக்கவில்லை.

சென்னையில் அதிகாரி பார்த்தார். முடி இருந்த காட்சி முடிந்து மொட்டைத் தலை வந்ததும் என் பக்கம் திரும்பினார். பிறகு என் கேள்வி வந்தது. அவர் தோள் குலுங்கியது.

"இது ஸ்கிரிப்ட்ல இருந்துச்சா?"

"இல்ல சார்."

"அப்படியே போகட்டும். அடுத்து கரும்புன்னீங்களே, எப்பக் கிளம்புறீங்க?"

வெளியே வந்தேன். அச்சக முதலாளிக்கு எழுதிச் சட்டைப் பையில் வைத்திருந்த கடிதத்தைக் கிழித்துப் போட்டேன். அன்று குடித்த டீயின் ருசி இன்னும் நாக்கில் இருக்கிறது.

பிற்காலத்தில் புத்தகங்கள் எழுதினேன். அவற்றிலும் தப்பு வந்தது. அடுத்த பதிப்பின் முதல் பக்கத்திலேயே அதைச் சொல்லிவிடுவேன். மூடி மறைக்க மண்டையை உடைத்துக்கொள்வதைவிட அது எவ்வளவோ சுலபம். நீங்களும் பழகிக்கொள்ளுங்கள்.

இன்னொன்றும் கற்றேன். அதன் பிறகு எந்தப் படப்பிடிப்பிலும் முதல் நாள் கிளம்பும்போது சட்டை, வேட்டி எல்லாம் சொல்லிவிட்டுக் கடைசியாகக் கேட்பேன்: "வேண்டுதல் எதுவும் இருக்காண்ணே?"