சிரிப்புக்குத் திருப்பிய மீன்

படகின் வயிற்றுக்குள் ஓர் அடுப்படி. அக்கா உள்ளே நின்றால் இன்னொருவர் மூச்சை அடக்கிக்கொண்டுதான் நுழைய வேண்டும். ஒரு கை நீட்டினால் அடுப்பு, மறு கை நீட்டினால் பாத்திரம் கழுவும் தொட்டி. அலை தூக்கினாலும் கடாய் நகராதபடி அடுப்பைச் சுற்றி இரும்புக் கம்பி. தலைக்கு மேல் மரத்தளம். அதன்மேல் சுற்றிப் பார்க்க வந்தவர்களின் செருப்புச் சத்தம். வெளிச்சத்துக்கு வட்டமாக ஒரே ஒரு ஜன்னல், அதுவும் கடல் பக்கம்.

வந்தவர்கள் பார்ப்பதெல்லாம் மறுபக்கம். கரையோரம் நெடுக நிற்கும் பாறைகளை ஒட்டித்தான் காலையில் படகு போகும். மதியத்துக்கு மேல் காற்று ஏறிவிடும் என்பதால், திரும்பும்போது விலகி நடுக்கடல் வழியாக வரும். அப்போது கரை, கண்ணுக்குத் தீட்டிய மை போல ஒரு கோடு, அவ்வளவுதான். அதனால், கல்யாணமான புதிதில் இந்தப் படகில் ஏறிய அக்கா, மகளைக் கட்டிக்கொடுத்து அனுப்பிய பிறகும், அந்தப் பாறைகளை ஒரு தடவைகூடப் பக்கத்தில் பார்த்தவள் இல்லை.

லீவு நாளில் ஏறிப் பார்க்கலாமே என்று யாராவது கேட்டால், "அது எங்க ஓடிப் போகுது? வாரமெல்லாம் ஆடிட்டு, லீவு அன்னிக்கும் போய் ஆடணுமா?" என்பாள். உண்மை அதுவல்ல. அவளிடம் ஏற்கெனவே பாறைகள் இருந்தன. அவள் புருஷன் கொடுத்தவை.

அவர்தான் மேல்தளத்தில் மைக் பிடித்துக் கதை சொல்பவர். பட்டப்பெயர் ரேடியோ. பல் தேய்க்கும்போதே பேச ஆரம்பித்துவிடுவார். "மாமா தூக்கத்துலகூட விளம்பர இடைவேளை விடமாட்டாரு" என்பான், படகை ஓட்டும் அக்காவின் தம்பி. கரையில் கிடக்கும் கல்லையெல்லாம் அவர் ஆளாக்கி, பெண்ணாக்கி, யானையாக்கி வைத்திருந்தார். அந்தக் குரல் மரத்தளத்தின் இடுக்குகள் வழியாகக் கீழே இறங்கும். வெங்காயம் நறுக்கிக்கொண்டிருக்கும் அக்காவின் கண்முன்னே பாறைகள் ஒவ்வொன்றாக எழுந்து நிற்கும். ஆவி படிந்த அந்த வட்ட ஜன்னலில் தெரிந்ததெல்லாம் தண்ணீர்தான். ஆனால் அவள் பார்த்தது தண்ணீரை இல்லை.

அடுப்படியில் கடிகாரம் கிடையாது. அவர் கதைதான் கடிகாரம். கிளம்பின கையோடு வழியில் ஒரு மீன்பிடிப் படகைத் தொட்டு, துடித்துக்கொண்டிருக்கும் மீனை வாளியில் வாங்குவார்கள். அதை அக்கா சுத்தம் செய்து, உப்பும் மிளகும் பூண்டும் தடவி முடிக்கும்போது யானைப் பாறை வரும். தண்ணீர் குடிக்க வந்த யானை, கடல் கரிக்கிறது என்று தெரிந்து கோபித்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்ட கதை. அப்போது எண்ணெய் ஊற்றுவாள். அடுத்து மணப்பெண் பாறை. "தலைய குனிஞ்சு நிக்கிறா பாருங்க" என்று அவர் குரல் குழைந்ததும் மீன் எண்ணெயில் இறங்கும். அதற்கடுத்து தூங்கும் பூதம். "இது குறட்டை விட்டுத்தான் இங்க அலையே வருது. எங்க வீட்லயும் ஒண்ணு இருக்கு, இப்போ கீழ சமைச்சிட்டிருக்கு" என்பார். மேலே எல்லோரும் சிரிப்பார்கள். சிரிப்புக் கேட்டால் மீனைத் திருப்ப வேண்டும். கடைசியில் குகை. குகை வாயில் படகு நின்றதும் அவர் உள்ளே பார்த்துக் கத்துவார்: "சாப்பாடு ரெடியா?" குகை "ரெடியா... ரெடியா..." என்று கேட்டுக்கொண்டே உள்ளே போகும். கீழேயிருந்து அக்கா கடாயில் கரண்டியால் 'டங் டங்' என்று தட்டுவாள். அன்றைய சாப்பாடு ரெடி என்று அர்த்தம். கைதட்டல் கேட்கும்.

இப்படியே போயிருக்கலாம். மழை தொடங்கும் சமயத்தில் அவர் தொண்டை கரகரத்தது. உள்ளே ஒரு சின்ன முடிச்சு. டாக்டர் அதை எடுத்துவிட்டு, கொஞ்ச காலம் வாயைத் திறக்கவே கூடாது என்று சொல்லி அனுப்பினார். ரேடியோ இல்லாத வீடு. சாதாரண முட்டையைக்கூட அக்கா கருகவிட்டாள். அவர் சைகையில் தட்டைக் காட்டிச் சிரிப்பார். "சிரிங்க, சிரிங்க. வாய் இல்லாத பிள்ளையா ஆனபிறகும் நக்கல் மட்டும் குறையல" என்பாள். சொல்லிவிட்டுத் தொட்டிப் பக்கம் திரும்பி நின்றுகொள்வாள்.

படகில் அவர் இடத்துக்கு முதலாளியம்மாவின் தங்கை மகன் வந்தான். நல்ல பிள்ளை, கணீரென்ற குரல். பாறை எந்தக் கல், எவ்வளவு உயரம் என்று விவரமாகச் சொன்னான். கேட்டவர்கள் தலையாட்டினார்கள். ஆனால் மணப்பெண் எங்கே வந்தாள், பூதம் எங்கே தூங்கிற்று என்று கீழே இருந்தவளுக்குத் தெரியவில்லை. மீன் ஒரு நாள் வேகவில்லை, மறுநாள் கரியாயிற்று.

முதலாளியம்மா ஒரு நாள் அடுப்படி வாசலில் வந்து நின்றார். "உன் வீட்டுக்காரர் வரட்டும். ஒரு நாள் பேசிப் பார்க்கட்டும், நானும் கூட வர்றேன். குரல் தாங்குச்சுன்னா அவரே இருக்கட்டும். தாங்கலைன்னா இவனைத்தான் வச்சுக்கணும். என்னைத் தப்பா நினைக்காதம்மா. உன் கையும் முன்ன மாதிரி இல்ல. இவன் பேச்சுக்குப் பழகிக்கப் பாரு, இல்லைன்னா உன் வேலையைப் பத்தியும் யோசிக்கணும்."

அந்த நாள் வந்தது. கடல் பாலைக் காய்ச்சி ஆற வைத்தது போல ஏடு படிந்து கிடந்தது. வெயில் சூடில்லாத வெயில். முதலாளியம்மா முன்வரிசையில் குடையோடு உட்கார்ந்தார். பக்கத்தில், கழுத்தில் தொலைநோக்கி தொங்கப்போட்ட ஒரு பெரியவர்.

"மாமா, மெதுவாப் பேசுங்க. மைக் இருக்கு, கரையில இருக்கறவனுக்கு வேற கேக்கணுமா?" என்றான் தம்பி.

"நீ ஸ்டியரிங்கைப் பாரு மாப்ள" என்றார் அவர். குரல் இருந்தது. பழைய குரல் இல்லை, வாடகைக்கு எடுத்தது போல ஒன்று. ஆனாலும் குரல்.

கீழே அக்கா காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள். யானைப் பாறை வந்தது. யானை கோபித்துக்கொண்டது. ஒரு இருமல்கூட இல்லை. அவள் எண்ணெய் ஊற்றினாள். மீனைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டாள். 'தலைய குனிஞ்சு நிக்கிறா' என்ற சொல்லுக்காக மீனும் அவளும் காத்திருந்தார்கள்.

"இந்தா பாருங்க, மணப்..."

காகிதம் கிழிவது போல ஒரு சத்தம். பிறகு மைக்கின் இரைச்சல் மட்டும். மேலே செருப்புகள் நகரவில்லை. என்ஜின் தன்பாட்டுக்கு முணுமுணுத்தது. அக்கா மீனைத் தட்டில் வைத்தாள். தீயைக் குறைத்தாள். கரண்டியும் கையுமாகப் படியேறினாள்.

அவர் ஒரு கையில் மைக், ஒரு கை தொண்டையில் என்று நின்றார். சந்தைக் கூட்டத்தில் கை நழுவிப்போன குழந்தையின் முகம். அக்கா மைக்கை வாங்கிக்கொண்டு, அவர் கையில் கரண்டியை வைத்தாள்.

"கீழ போங்க. எண்ணெய் காயுது."

பிறகுதான் திரும்பிப் பார்த்தாள்.

பாறைகள் அவள் நினைத்தது போல இல்லை. எதுவுமே எதுவாகவும் இல்லை. பழுப்பும் சாம்பலுமாக, அங்கங்கே பறவை எச்சம் வழிந்து, பெரிசும் சிறிசுமாகத் தண்ணீரில் நின்றன. அவற்றின் நிழல் பச்சைத் தண்ணீருக்குள் நீண்டு, இன்னொரு கூட்டமாகத் தலைகீழாக நின்றது. அந்த அழகைப் பார்த்துக்கொண்டே ஒரு கணம் நின்றாள். இதில் மணப்பெண் எது? இத்தனை வருஷம் அவளோடு அடுப்படியில் குடியிருந்தவளை நேரில் அடையாளம் தெரியவில்லை.

அத்தனையிலும் பெரிய ஒரு பாறை, அடிவாரத்தில் வெள்ளையாக நுரையைப் போர்த்திக்கொண்டு படுத்திருந்தது. போர்த்தியிருந்தால் மணப்பெண்தான்.

"அதோ," என்றாள் மைக்கில். "மணப்பெண். முக்காடு போட்டிருக்கா பாருங்க."

"அக்கா, அவ பின்னாடி போயிட்டா! அது பூதம்!" என்று தம்பி கத்தினான்.

தொலைநோக்கிப் பெரியவர் எட்டிப் பார்த்தார். "ஏம்மா, இது படுத்துத் தூங்கறாப்ல இருக்கு. மணப்பெண் இவ்வளவு பெருசாவா இருப்பா?"

"மூணு நாள் கல்யாண வேலை பார்த்துட்டு, வந்தவங்களுக்கெல்லாம் கும்பிடு போட்டுட்டு நின்னா நீங்களும் படுத்துடுவீங்க ஐயா. இவ அசந்து தூங்கறா. மாப்பிள்ளை கடலுக்குப் போனவன் இன்னும் வரல. அவன் வந்து எழுப்பற வரைக்கும் எந்திரிக்கக் கூடாதுன்னு வைராக்கியம்."

ஒருத்தி சிரித்தாள். அப்புறம் நாலு பேர் சிரித்தார்கள். கீழே எதுவோ 'சொய்ங்' என்றது.

அதற்குப் பிறகு அக்காவை நிறுத்த ஆளில்லை. கூன் விழுந்த ஒரு பாறையை, மணப்பெண்ணின் மாமியார் என்றாள். "வந்ததுலேருந்து முதுகைக் காட்டிட்டே நிக்கிறா. சீர் பத்தலையாம்." சிரிப்பு. இரண்டு பாறைகள் ஒட்டி நின்றதைப் பார்த்து, "சமையல்காரங்க ரெண்டு பேர் உப்பு போட்டாச்சா இல்லையான்னு பேசிக்கிறாங்க, ரெண்டு பேரும் போட்டுட்டாங்க, அதான் கடல் கரிக்குது" என்றாள். அதற்கும் சிரிப்பு. படகு மிதந்ததா, கதை மிதந்ததா என்று யாருக்கும் தெரியவில்லை. பாறைகள் ஒவ்வொன்றாகத் தலையைத் திருப்பி அவளைப் பார்த்துவிட்டுப் பின்னால் போயின. கண்ணால் பார்ப்பதும் காதால் கேட்டு வைத்திருந்ததும் வெயிலில் ஒன்றோடொன்று கலந்தன. முதலாளியம்மாவின் குடை எப்போதோ மடங்கியிருந்தது.

குகை வந்தது. இருட்டு வாய்க்குள்ளிருந்து குளிர்ந்த காற்று வந்து முகத்தில் பட்டது. தம்பி என்ஜினை நிறுத்தினான். இப்போது என்ன செய்ய வேண்டும் என்று அவளுக்குத் தெரியும். ஆனால் மைக்கைக் கீழே இறக்கினாள். வெறும் வாயால் கத்தினாள்.

"சாப்பாடு ரெடியா?"

"ரெடியா... ரெடியா... ரெடியா..."

குகை கேட்டு ஓய்ந்தது. பதில் இல்லை. அவள் காலடியிலிருந்த மரத்தளத்தைக் குனிந்து பார்த்தாள். கீழே அவர் என்ன செய்கிறார்? பிறகு, தயங்கித் தயங்கி, 'டங்'. கொஞ்சம் பொறுத்து இன்னொரு 'டங்'. இத்தனை நாள் தன் கையால் தட்டிய சத்தத்தை மேலே இருந்து அவள் கேட்டதே இல்லை. அது மரத்தளத்தைத் துளைத்து, தண்ணீரைத் தொட்டு, குகைக்குள் போய், மணியடித்தது போலப் பெரிதாகி, எங்கோ உள்ளே அணைந்தது. யாரும் கைதட்டவில்லை. தட்டினால் அது கலைந்துவிடும் என்று இருந்திருக்கும்.

குகையைத் தாண்டிய அமைதியான வளைவில் நங்கூரம் போட்டார்கள். அவர் வேர்த்து வழிய, முகமெல்லாம் புகையோடு, தட்டுகளை ஏந்திக்கொண்டு வந்தார். தட்டில் மீன் இல்லை. மீனாக இருந்த ஏதோ ஒன்று இருந்தது. பொன்னிறமாக, பொடிப்பொடியாக, ரொட்டிமேல் குவித்து, எலுமிச்சை பிழிந்து.

அக்கா தட்டைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள். "என்னங்க இது? எத்தனை தடவை திருப்பினீங்க?"

அவர் அவள் காதருகே குனிந்து காற்றாகப் பேசினார். "நீ சிரிக்க வச்சப்போவெல்லாம்."

தம்பி படியில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டான். "மாமா, நல்லவேளை, அக்கா இன்னும் நாலு பாறையப் பார்த்திருந்தா மீனை ஸ்பூன்லதான் குடுத்திருப்பீங்க!"

தொலைநோக்கிப் பெரியவர் இரண்டாவது தடவை தட்டை நீட்டினார். முதலாளியம்மா மட்டும் மெதுவாகச் சாப்பிட்டார். அக்கா அவர் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள். கடைசித் துண்டு ரொட்டியால் தட்டை வழித்துத் தின்றுவிட்டு, முதலாளியம்மா கையைத் துடைத்தார்.

"என் தங்கச்சி மகனுக்கு டிக்கெட் ஆபீஸ்ல உட்காரத்தான் ஆசை. உட்காரட்டும்" என்றார். பிறகு அக்காவின் புருஷனைப் பார்த்து, "உங்க தொண்டை சரியாகற வரைக்கும் நீங்க கீழ, இவ மேல. அதுக்கப்புறம் யாரு எங்கன்னு புருஷன் பொண்டாட்டி நீங்களே பேசி முடிவு பண்ணிக்கோங்க, நான் நடுவுல வரல. ஆனா மீனை இப்படி வதைக்காதீங்க."

திரும்பும்போது வழக்கம் போல நடுக்கடல் வழி. சாப்பிட்டவர்கள் பாதிப்பேர் தூங்கிவிட்டார்கள். கரை மை தீட்டிய கோடாகிவிட்டது. கழுவ வேண்டிய பாத்திரங்கள் கீழே கிடக்க, அக்காவும் அவரும் படகின் பின்பக்கத்தில் காலைத் தொங்கப்போட்டு உட்கார்ந்திருந்தார்கள். படகு விட்டுப்போன வெள்ளைத் தடம் மெல்லக் கலைந்துகொண்டிருந்தது.

"பாறை எப்படி இருந்துச்சு?" என்றார் காற்றுக் குரலில்.

"நீங்க சொன்ன மாதிரி ஒண்ணுகூட இல்ல."

"ஏமாத்திட்டேனா?"

"நீங்க சொன்னதுதான் நல்லா இருந்துச்சு. அதையே வச்சுக்கிட்டேன்." அவர் பக்கம் திரும்பினாள். "நிஜ மணப்பெண் எதுங்க?"

அவர் அவள் பக்கம் சாய்ந்தார். தொண்டையை வருத்தாமல், வெறும் காற்றாக, முதலிலிருந்து ஆரம்பித்தார். கடலுக்குப் போன மாப்பிள்ளை, கரையில் நின்றவள், வெயில், மழை. அக்கா கண்ணை மூடிக்கொண்டாள். "தலைய குனிஞ்சு நிக்கிறா பாருங்க" என்று காற்று வந்து அவள் காதைத் தொட்டது.

அவள் வலது கை தானாக எழுந்தது. மடியிலிருந்து நீண்டு, எண்ணெயில் மீனை இறக்குவது போல, விரல்கள் ஒவ்வொன்றாகப் பிரிந்தன.